பேசாத் திரையில் பேசிய முகம்: ஆஸ்டா நீல்சன்



உள்ளத்தில் எழும் உணர்ச்சி உடலின் வழியே பிறர்க்குப் புலனாவதை மெய்ப்பாடு என்று தமிழ் இலக்கணம் பெயரிட்டு வழங்குகிறது. நகை, அழுகை, இளிவரல், மருட்கை, அச்சம், பெருமிதம், வெகுளி, உவகை என அதனை எட்டாக வகுத்து, ஒவ்வொன்றும் நான்கு நிலைக்களன்களில் பிறக்கும் என 32 ஆக விரித்துரைத்தவர் தொல்காப்பியர். சொல் நின்றுபோன இடத்திலும் மெய் பேசும் என்பதே இவ்வகுப்பின் அடிப்படை. இவ்வுண்மையைத் தமிழறியாத ஒரு நாட்டில், சொல்லே ஒலிக்காத ஒரு புதிய கலையில், செயலாக்கிக் காட்டிய பெண்மணி ஒருவர் உண்டு. டென்மார்க்கில் பிறந்து, ஜெர்மானியத் திரையில் வளர்ந்து, ஐரோப்பா முழுவதும் அறியப்பட்ட ஆஸ்டா நீல்சன் அம்மையாரே அவர்.

1895ஆம் ஆண்டு திசம்பர் 28ஆம் நாள் பாரிசு நகரில் லூமியேர் உடன்பிறப்பாளர்கள் கட்டணம் பெற்றுப் படம் காட்டிய பொழுது, அசையும் படம் ஒரு வேடிக்கைப் பொருளாகவே இருந்தது. அடுத்த பதினைந்து ஆண்டுகளிலும் அது பெரும்பாலும் சந்தைத் திடல்களின் கேளிக்கையாகவே கருதப்பட்டது. மேடையில் பெயர் பெற்ற நடிகர்கள் அதில் தோன்றத் தயங்கினர். தோன்றியவர்களும், குரல் இல்லாத குறையைக் கையை வீசியும் மார்பில் அறைந்தும் கண்ணை உருட்டியும் ஈடுசெய்ய முயன்றனர். மௌனத்தை ஒரு குறை என்று எண்ணியதன் விளைவு இது. மௌனம் குறையன்று, அது தனக்கென இலக்கணமுடைய ஒரு மொழி என்று முதலில் உணர்ந்தவர்களுள் ஒருவர் ஆஸ்டா நீல்சன். அம்மொழியைத் தம் முகத்தால் எழுதிய அவர், அந்த முகத்தின்மீது உள்ள உரிமையைப் பிறர் எவர்க்கும் விட்டுக்கொடுக்கவில்லை. அவருடைய கலை, வாழ்க்கை இரண்டுக்கும் பொதுவாக நிற்பது இவ்வுறுதியேயாகும்.

இளமையும் வறுமையும்

ஆஸ்டா நீல்சன் 1881ஆம் ஆண்டு செப்டம்பர் 11ஆம் நாள் கோபன்ஹேகன் நகரின் தொழிலாளர் வாழும் பகுதியில் பிறந்தார். தந்தை நிலையான வேலையின்றி அலைந்த உழைப்பாளி. தாய் பிறர் வீட்டுத் துணிகளை வெளுத்துப் பிழைத்தவர். பிழைப்பை நாடிக் கடலைக் கடந்து சுவீடன் நாட்டின் மால்மோ நகருக்குச் சென்ற குடும்பம், சில ஆண்டுகள் கழித்து மீண்டும் கோபன்ஹேகனுக்கே திரும்பியது. ஆஸ்டாவுக்குப் பதினான்கு வயதாகும்பொழுது தந்தை மறைந்தார்.

இத்தகைய குடும்பத்துச் சிறுமிக்கு நாடகமேடை எட்டாக்கனியே. ஆயினும் பதினெட்டாம் வயதில் அவர் அரச நாடக அரங்கின் நடிப்புப் பள்ளியில் இடம்பெற்றார். பீட்டர் யெர்ண்டார்ஃப் என்னும் புகழ்வாய்ந்த நடிகர் அவருக்கு ஆசிரியராக வாய்த்தார். பயிற்சி முடியுமுன்பே, 1901ஆம் ஆண்டில், திருமணமாகாத நிலையில் ஒரு பெண் குழந்தைக்கு அவர் தாயானார். குழந்தைக்கு யெஸ்டா என்று பெயரிட்டார். தந்தை யார் என்பதை அன்றும் அதன் பின்னரும் அவர் வெளியிடவில்லை. தம் தாயும் தமக்கையும் துணை நிற்க, மகளைத் தாமே வளர்த்தார். 1902ஆம் ஆண்டில் நடிப்புப் படிப்பையும் நிறைவு செய்தார். நூற்றாண்டுத் தொடக்கத்து ஐரோப்பிய நகரமொன்றில், ஏழ்மையில் பிறந்து மேடையை நம்பி வாழவேண்டிய இளம்பெண் ஒருத்தி எடுத்த முடிவு இது. ஊர்வாய்க்கு அஞ்சிக் குழந்தையை மறைத்தலும் இல்லை. இரக்கம் வேண்டிக் கதை கூறலும் இல்லை. பின்னாளில் திரையில் அவர் ஏற்ற பெண்கள் பலர் சமூகத்தின் தீர்ப்புக்கு முன் தலை நிமிர்ந்து நிற்பதற்கு இவ்வாழ்க்கையே முன்னுரை எழுதியது எனலாம்.

பள்ளியிலிருந்து வெளிவந்தபின் டாக்மார் அரங்கில் மூன்றாண்டுகள் நடித்தார். 1905 முதல் 1907 வரை நார்வே, சுவீடன் நாடுகளில் நாடகக் குழுக்களுடன் சுற்றினார். 1907 முதல் கோபன்ஹேகனின் புதிய அரங்கில் பணியேற்றார். எங்கும் பெரிய வேடங்கள் வாய்க்கவில்லை. அவருடைய குரல் ஆழ்ந்தும் சீரற்றும் இருந்தமை மேடையில் தடையாயிற்று எனத் திறனாய்வாளர் கூறுவர். மெலிந்த உடல், கூரிய முகம், அளவிற் பெரிய கருங்கண்கள் ஆகியனவும் அக்கால மேடை விரும்பிய அழகுக்குப் பொருந்தவில்லை. முப்பது வயதை நெருங்கும் நிலையில் அவர் இரண்டாந்தர நடிகையாகவே இருந்தார்.

படுகுழியிலிருந்து எழுச்சி

அதே அரங்கில் பணியாற்றிய ஊர்பன் காட் என்பவர் நீல்சனின் ஆற்றலை உணர்ந்தார். நாடக முதலாளிகளின் பார்வை அவர்மேல் படவேண்டுமானால், அவரை வைத்து ஒரு படம் எடுத்துக் காட்டுவதே வழி என்று இருவரும் கருதினர். திரையை அடைவது அன்று அவர்கள் நோக்கமன்று. திரையின் வழியாக மேடையை அடைவதே நோக்கம். ஊர்பன் காட் எழுதி இயக்க, ஆல்ஃபிரட் லிண்ட் ஒளிப்பதிவு செய்ய, மிகக் குறைந்த செலவில் சில நாள்களிலேயே உருவான அப்படத்தின் பெயர் ‘அவ்குருண்டன்’. படுகுழி என்பது அதன் பொருள். 1910ஆம் ஆண்டு செப்டம்பர் 12ஆம் நாள், நீல்சனின் 29ஆம் பிறந்தநாளுக்கு மறுநாள், கோபன்ஹேகனின் காஸ்மொராமா திரையரங்கில் அது வெளியாயிற்று.

கதை எளியது. மக்டா என்பவள் இசை கற்பிக்கும் ஆசிரியை. சமயகுருவின் மகனுக்கு மணம் பேசப்பட்டவள். வட்டரங்கு ஒன்றில் வித்தை காட்டும் ருடால்ஃப் என்பவனைக் கண்டு, அவனுடன் ஊரை விட்டுச் செல்கிறாள். அவன் அவளை வஞ்சிக்கிறான். அவள் உழைப்பில் வாழ்கிறான். பிற பெண்களை நாடுகிறான். இறுதியில் கைகலப்பின்போது அவள் அவனைக் கத்தியால் குத்திக் கொல்கிறாள். ருடால்ஃபாக நடித்தவர் போல் ரொய்மர்ட். பின்னாளில் டென்மார்க்கின் மேடையில் தலைசிறந்து விளங்கியவர் அவர்.

இப்படத்தில் நீல்சன் ஆடிய நடனம் அக்காலத்தில் பெரும் பரபரப்பை ஏற்படுத்தியது. கால்நடை மேய்ப்பன் உடை அணிந்த ருடால்ஃபைக் கயிற்றால் பிணைத்து, அவனைச் சுற்றிச் சுற்றி அவள் ஆடுகிறாள். விருப்பம் என்பது ஆணுக்கே உரியது, பெண் அதற்கு இலக்காகும் பொருள் மட்டுமே என்றிருந்த மேடை மரபு அந்த ஒரு நடனத்தில் தலைகீழாயிற்று. சில நாடுகளில் தணிக்கையாளரின் கத்தரி இக்காட்சியை நாடிவந்ததில் வியப்பில்லை.

ஆயினும் ‘படுகுழி’யின் உண்மையான புதுமை அதன் இறுதிக் காட்சியில் இருக்கிறது. கொலை செய்த மக்டாவைக் காவலர் அழைத்துச் செல்கின்றனர். வழக்கமான நடிகை கதறியிருப்பாள், மயங்கி விழுந்திருப்பாள். நீல்சன் எதுவும் செய்வதில்லை. முகத்தில் ஒரு தசையும் அசையவில்லை. எதையும் பாராத கண்களுடன், பிறர் கைப்பிடித்து நடத்த நடக்கிறாள். நேர்ந்தது அனைத்தையும் அந்த வெறுமை சொல்லிவிடுகிறது. அழுகை காட்டப்படாமையால் காண்போர் உள்ளத்தில் அழுகை பிறக்கிறது. நடிப்பவர் சுருக்கியதைக் காண்பவர் விரித்துக்கொள்ளும் இம்முறை, குறிப்புப்பொருளின் சுவை அறிந்தவர்க்குப் புதிதன்று. திரைக்கு அது புதிது. மேடையை அடைவதற்காக எடுக்கப்பட்ட படம் நீல்சனை மேடையிலிருந்தே விடுவித்துவிட்டது.

ஒரு முகத்தில் பல உள்ளங்கள்

அங்கேரி நாட்டு அறிஞர் பேலா பலாஷ், திரைப்படத்தைத் தனிக்கலையாகக் கொண்டு ஆராய்ந்த முன்னோடிகளுள் ஒருவர். 1924ஆம் ஆண்டில் வெளிவந்த அவருடைய ‘காணக்கூடிய மனிதன்’ என்னும் நூல், இரு கலைஞர்களைப் பற்றிய ஓவியங்களுடன் நிறைவுறுகிறது. ஒருவர் சார்லி சாப்ளின். மற்றவர் ஆஸ்டா நீல்சன். நீல்சனின் ஒரு காட்சியைப் பலாஷ் விளக்கியுள்ள முறை நடிப்புக்கலை பயில்வோர் அனைவரும் அறியத்தக்கது.

செல்வ இளைஞன் ஒருவனை மயக்குமாறு ஒரு பெண் ஏவப்படுகிறாள். ஏவியவன் திரைச்சீலைக்குப் பின்னே நின்று கண்காணிக்கிறான். அவள் காதல் கொண்டவள்போல நடிக்கத் தொடங்குகிறாள். நடிப்பு என்பதைக் காண்போர் அறிவர். நடித்துக்கொண்டிருக்கும்போதே அவ்விளைஞன்மீது அவளுக்கு மெய்யாகவே அன்பு அரும்புகிறது. முகத்தில் ஏற்கெனவே காதல் இருக்கிறது. இப்பொழுதும் காதல்தான் இருக்கிறது. ஆனால் முன்னது பொய், பின்னது மெய். இவ்வேறுபாட்டை இமையளவு மாற்றத்தால் நீல்சன் காட்டுகிறார். அத்துடன் முடியவில்லை. கண்காணிப்பவன் நிற்பது அவள் நினைவுக்கு வருகிறது. மெய்க்காதலை அவன் அறிந்தால் கேடு. ஆகவே மெய்யாகிவிட்ட காதலை, பொய்க்காதல்போல் அவன் கண்ணுக்குத் தோன்றச் செய்கிறாள். பொய்யை மெய்யாக்கி, மெய்யைப் பொய்யெனக் காட்டும் இவ்வளவும் ஒரே முகத்தில், ஒரு சொல்லும் இன்றி நிகழ்கின்றன.

மெய்ப்பாட்டை எட்டென வகுத்த அறிவுக்கும் இக்காட்சி ஓர் அறைகூவலாகும். இங்கே தோன்றுவது உவகையா, அச்சமா, இளிவரலா? மூன்றும் ஒருங்கே தோன்றி, ஒன்றை ஒன்று மறைக்க முயல்கின்றன. பெரிய சைகைகளால் இதனைச் செய்ய இயலாது. கையை வீசினால் ஓர் உணர்ச்சியை மட்டுமே வீச முடியும். உதட்டின் ஓரம், இமையின் தாழ்வு, தோளின் சிறு தளர்வு ஆகியவற்றால் மட்டுமே இரண்டு மூன்று உணர்ச்சிகளை ஒருசேரத் தாங்க முடியும். ஒளிப்பதிவுக் கருவி அருகில் வரும்தோறும் நடிகர் ஒடுங்கவேண்டும் என்னும் நெறியைத் திரையுலகம் பின்னர்ப் பாடமாக்கிக்கொண்டது. நீல்சன் அதனை 1910இலேயே பயிலத் தொடங்கிவிட்டார்.

பெயரே முதலாயிற்று

‘படுகுழி’யின் வெற்றி ஜெர்மனி நாட்டினரின் கவனத்தை ஈர்த்தது. அதுவரை படங்கள் நீள அளவில், மீட்டர் கணக்கில், துணிபோல் விற்கப்பட்டு வந்தன. விலை கொடுத்து வாங்கியவர் எவரும் எங்கும் எத்தனை முறையும் காட்டலாம். ஒரே தெருவில் இரு கொட்டகைகளில் ஒரே படம் ஓடும். தேய்ந்த படச்சுருள் மலிவு விலையில் கைமாறும். இந்நிலையை மாற்றியது ‘தனியுரிமைப் படம்’ என்னும் முறை. ஒரு வட்டாரத்தில் குறிப்பிட்ட காலம் வரை ஒரு படத்தைக் காட்டும் உரிமை ஒருவர்க்கே உண்டு என்பது இம்முறை. ஜெர்மனியில் இம்முறைக்கு வழிதிறந்த படம் ‘படுகுழி’யே.

திரையரங்குகள் பலவற்றின் உரிமையாளரான பவுல் டேவிட்சன் 1911ஆம் ஆண்டில் நீல்சனையும் ஊர்பன் காட்டையும் ஜெர்மனிக்கு அழைத்தார். எடுக்கப்படவிருக்கும் படங்களை, ‘ஆஸ்டா நீல்சன் வரிசை’ என்று ஆண்டுதோறும் தொகுத்து, படம் பிறக்குமுன்பே திரையரங்குகளுக்கு விற்றனர். கதை தெரியாது, தலைப்பும் தெரியாது, நடிகையின் பெயர் ஒன்றே பிணை. இன்று உலகத் திரைத்தொழிலை ஆளும் நட்சத்திர வணிகத்தின் ஐரோப்பியத் தோற்றுவாய்களுள் இதுவும் ஒன்று. போட்ஸ்டாம் நகருக்கு அருகில் பாபெல்ஸ்பெர்க்கில் கண்ணாடிக் கூரையுடன் எழுந்த புதிய படப்பிடிப்பு நிலையத்தில் 1912ஆம் ஆண்டு பிப்ரவரியில் முதன்முதலாகப் படமாக்கப்பட்டது ‘மரண நடனம்’. அதன் நாயகியும் நீல்சனே. உலகின் தொன்மையான பெரிய படப்பிடிப்பு நிலையங்களுள் ஒன்றின் வரலாறு அவருடைய முகத்தில் தொடங்குகிறது.

நீல்சனும் ஊர்பன் காட்டும் 1912ஆம் ஆண்டில் மணந்துகொண்டனர். முப்பதுக்கும் மேற்பட்ட படங்களை இணைந்து உருவாக்கிய பின்னர், முதல் உலகப்போர்க் காலத்தில் இருவரும் பிரிந்தனர்.

இக்காலத்து வேடங்களின் வகைமை வியப்புக்குரியது. ‘ஏழை ஜென்னி’யில் அவர் அடித்தளத்துப் பெண். 1913ஆம் ஆண்டின் ‘வாக்குரிமைப் போராளி’யில், இங்கிலாந்துப் பெண்களின் வாக்குரிமைக் கிளர்ச்சியைச் சார்ந்து வெடிகுண்டு வைக்கத் துணியும் நங்கை. 1914ஆம் ஆண்டில் வெளிவந்த ‘குட்டித் தேவதை’ என்னும் நகைச்சுவைப் படத்தில், செல்வரான அமெரிக்க மாமனின் பொருட்டுப் பன்னிரண்டு வயதுச் சிறுமிபோல் நடிக்கவேண்டிய பதினேழு வயதுப் பெண். அப்போது நீல்சனின் வயது 32. பதினேழைக் காட்டி, அதனுள் பன்னிரண்டைக் காட்டி, அதனுள் முதிர்ந்த குறும்பையும் காட்டிச் சிரிக்கவைத்தார். அப்பாத்திரத்தின் பெயர் யெஸ்டா என்பது குறிப்பிடத்தக்கது. தந்தை பெயர் கூறாது வளர்த்த தம் மகளின் பெயரைத் திரையில் ஒளிரவைப்பதில் அவர்க்குத் தயக்கம் இருக்கவில்லை.

பெண்ணாகிய ஹாம்லெட்

1920ஆம் ஆண்டையொட்டி நீல்சன் தமக்கென ஒரு படநிறுவனத்தைத் தொடங்கினார். பிறர் தரும் வேடத்தை ஏற்பவராக மட்டும் இருக்க அவர் உடன்படவில்லை. அந்நிறுவனத்தின் வழி 1921ஆம் ஆண்டில் வெளிவந்தது ‘ஹாம்லெட்’. ஸ்வென் காடே, ஹைன்ஸ் ஷால் ஆகிய இருவரும் இயக்கினர்.

ஹாம்லெட் வேடத்தைப் பெண் ஏற்பது அதற்கு முன்பும் நிகழ்ந்ததே. பிரெஞ்சு நாட்டுச் சாரா பெர்னார் 1899ஆம் ஆண்டில் மேடையில் அவ்வேடம் பூண்டவர். ஆனால் அவர் ஆணாகிய ஹாம்லெட்டாக நடித்தார். நீல்சன் செய்தது வேறு. ஹாம்லெட்டே ஒரு பெண்ணாக இருக்கலாம் என்று எட்வர்டு வைனிங் என்னும் அமெரிக்கர் 1881ஆம் ஆண்டு நூலொன்றில் எழுப்பிய கருத்தும், டேனிய வரலாற்றாசிரியர் சாக்சோ கூறிய பழங்கதையும் இப்படத்திற்கு அடிப்படையாயின. போரில் மன்னன் மாண்டான் என்று செய்தி வருகிறது. அரசிக்குப் பெண் மகவு பிறக்கிறது. ஆண் மகவு இல்லையேல் அரியணை கைவிட்டுப் போகும் என்றஞ்சி, இளவரசன் பிறந்தான் என்று அறிவிக்கின்றனர். மன்னன் உயிருடன் திரும்பிய பின்னும் பொய்யை மாற்ற வழியில்லை. பெண் ஆணாகவே வளர்கிறாள்.

இவ்வொரு மாற்றம் நாடகத்தின் புதிர்களுக்குப் புதிய விடைகள் தருகிறது. ஹாம்லெட் ஏன் தயங்குகிறான்? ஒஃபீலியாவை ஏன் வெறுத்தொதுக்குகிறான்? நண்பன் ஹொரேஷியோவிடம் ஏன் அத்துணைப் பரிவு? நீல்சனின் ஹாம்லெட் தன் தோழனையே காதலிக்கிறாள். அவனோ ஒஃபீலியாவை விரும்புகிறான். சொல்ல முடியாத காதலைத் தோழமையின் உடைக்குள் அடக்கிக்கொண்டு, கருநிற ஆடையில் அவள் நிற்கும் காட்சிகள் நெஞ்சைவிட்டு நீங்காதவை. இறுதியில் உயிர் நீத்த ஹாம்லெட்டைத் தாங்கும்பொழுதுதான் ஹொரேஷியோ அவள் பெண் என அறிகிறான். சேக்சுபியரின் நாடகத்துக்கு இது சரியான உரையா என்று அறிஞர் வினவலாம். ஆனால் ஒரு நாட்டின் நலனுக்காகப் பெண்ணின் உடலும் பெயரும் பறிக்கப்படுவதன் துயரத்தை இதனினும் தெளிவாகக் கூறிய பேசாப்படம் அரிது. உலகுக்கு ஒரு முகமும் உள்ளுக்கு ஒரு முகமுமாக வாழும் இப்பாத்திரம், ஒரே முகத்தில் இரண்டைக் காட்டவல்ல நடிகைக்கே உரியது.

முதுமையை மறைக்காத கலை

திரை இளமையை விரும்புவது. நடிகையின் வயது கூடக்கூட அவளை ஒதுக்குவது. நீல்சன் இதற்கும் அஞ்சவில்லை. 1925ஆம் ஆண்டில் பாப்ஸ்ட் இயக்கிய ‘மகிழ்ச்சியற்ற தெரு’, முதல் உலகப்போருக்குப் பிந்திய வியன்னா நகரின் பஞ்சத்தைக் காட்டுவது. இறைச்சிக் கடைவாயிலில் விடியுமுன்பே வரிசையில் நிற்கும் பெண்கள், விலைவாசியில் கரைந்துபோகும் சேமிப்பு, அதனைப் பயன்படுத்திக்கொள்ளும் கயவர் என விரியும் அப்படத்தில், வறுமையும் பொறாமையும் சேர்ந்து கொலைவரை உந்தும் மரியா என்னும் பெண்ணாக நீல்சன் தோன்றினார். அதே படத்தில் மற்றொரு நாயகி, இருபது வயதைக்கூட எட்டியிராத கிரேட்டா கார்போ. கார்போ பின்னர் அமெரிக்காவில் பெரும்புகழ் பெற்றார். அப்படம் நாட்டுக்கு நாடு வெட்டப்பட்டு வெளியானபோது நீல்சனின் பகுதியும் வெட்டுக்குத் தப்பவில்லை. மூலத்திற்கு நெருக்கமாக அப்படம் மீட்டமைக்கப்பட்ட பின்னரே மரியாவின் கதை தன் முழு எடையைத் திரும்பப் பெற்றது.

1927ஆம் ஆண்டில் புரூனோ ரான் இயக்கிய ‘பரத்தையின் துயரம்’ நீல்சனின் முதிர்ந்த கலைக்குச் சான்று. தெருவில் வாழும் முதிய பரத்தை ஒருத்தி, வீட்டை விட்டு வெளியேறிய மாணவன் ஒருவனுக்கு அடைக்கலம் தருகிறாள். தனக்கும் ஒரு புதுவாழ்வு கிட்டும் என்று நம்பி, சேர்த்துவைத்த பணத்தைக் கொண்டு ஒரு சிறு தின்பண்டக் கடை வைக்க எண்ணுகிறாள். அவள் கடை பார்க்கச் சென்ற வேளையில் அவ்விளைஞன் வேறொரு இளம்பெண்ணை நாடிவிடுகிறான். நம்பிக்கை முகத்தில் ஏறுவதையும், பின் அது இறங்குவதையும் ஒப்பனையால் மறைக்காத கோடுகளோடு நீல்சன் காட்டினார். தம் 46ஆம் வயதை நெருங்கிய நடிகை, வயதையே தம் கலையின் கருவியாக ஆக்கிக்கொண்டார்.

ஒலியும் கொடுங்கோலும்

1920களின் இறுதியில் படம் பேசத் தொடங்கியது. பேசாப்படத்துக் கலைஞர் பலரை அது வீழ்த்தியது. நீல்சன் நடித்த பேசும்படம் ஒன்றே ஒன்று. 1932ஆம் ஆண்டில் வெளிவந்த ‘இயலாக் காதல்’ அது. வளர்ந்த பெண்மக்களையுடைய சிற்பி ஒருத்தியாக அதில் நடித்தார். குரல் தடையாக இருந்ததால் அவர் திரையை நீங்கினார் என்று கூறுவோர் உண்டு. இது முழு உண்மையன்று. 1933ஆம் ஆண்டில் ஜெர்மனியில் நாஜிகள் ஆட்சியைக் கைப்பற்றினர். பிரச்சார அமைச்சர் கோயபல்ஸ், நீல்சனுக்கெனவே ஒரு படப்பிடிப்பு நிலையம் அமைத்துத் தருவதாக முன்வந்தார். வேலையற்றிருந்த ஒரு நடிகைக்கு இதனைவிடப் பெரிய வாய்ப்பு வேறில்லை. அவர் மறுத்தார். ஏறத்தாழ கால் நூற்றாண்டு தமக்குப் புகழும் பொருளும் தந்த நாட்டை 1930களின் இரண்டாம் பாதியில் துறந்து, தாயகம் திரும்பினார். போர்க்காலத்தில் ஜெர்மனியில் அல்லலுற்ற யூதர்களுக்கு உதவப் பணம் அனுப்பினார் என்பதும் அவர் வரலாற்றில் இடம்பெறும் செய்தியாகும்.

எந்த முகம் எதற்குப் பயன்படவேண்டும் என்பதை அம்முகத்திற்கு உரியவரே முடிவு செய்வார் என்பதை, 1901ஆம் ஆண்டின் இளந்தாயும் 1930களின் முதிய நடிகையும் ஒரே குரலில் கூறுகின்றனர்.

தாயகம் தந்த வரவேற்பு

எழுபதுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தவர் நீல்சன். அவற்றுள் டென்மார்க்கில் எடுக்கப்பட்டவை நான்கே. திரும்பி வந்தவருக்குத் திரையில் இடம் கிட்டவில்லை. மேடையிலும் வாய்ப்புகள் குறைவாகவே அமைந்தன. திரையரங்கு நடத்த அந்நாட்டில் அக்காலத்தில் அரசின் உரிமம் வேண்டியிருந்தது. சிறந்த கலைஞர்க்கு அவ்வுரிமத்தை அளித்து வாழ்வுக்கு வழிசெய்வது அன்று அங்கு வழக்கமாக இருந்தது. இயக்குநர் கார்ல் டிரையர் 1952ஆம் ஆண்டில் டாக்மார் திரையரங்கின் உரிமம் பெற்றது இவ்வகையிலேயே. நீல்சனும் உரிமம் வேண்டி விண்ணப்பித்தார், அவருக்கு மறுக்கப்பட்டது. டென்மார்க்கின் பெயரை உலகத் திரையில் ஏற்றிய முகத்திற்கு, டென்மார்க்கில் ஒரு திரையரங்கின் கதவு திறக்கவில்லை. மாறாக, 1963ஆம் ஆண்டில் ஜெர்மனியே அவர்தம் நெடும்பணியைப் போற்றித் திரைப்பட விருது வழங்கிற்று.

புறக்கணிப்பு அவரை முடக்கிவிடவில்லை. ‘பத்தாவது கலைத்தெய்வம்’ என்னும் பொருள்படும் தலைப்பில் தம் வரலாற்றை இரு பகுதிகளாக எழுதி, 1945, 1946 ஆகிய ஆண்டுகளில் வெளியிட்டார். கிரேக்கத் தொன்மத்தில் கலைத்தெய்வங்கள் ஒன்பதின்மர். பத்தாவதாகத் திரைக்கலையை அவர் அமர்த்தினார். சந்தைத் திடல் கேளிக்கை என்று இகழப்பட்ட ஒன்றுக்கு அவர் அளித்த இருக்கை அது. முதுமையில் துணித்துண்டுகளை வெட்டி ஒட்டி ஓவியங்கள் படைத்தார். அவை காட்சிக்கும் வைக்கப்பட்டன. துணி வெளுத்த தாயின் மகள், துணியையே வண்ணமாக்கிக்கொண்டார்.

1964ஆம் ஆண்டில் மகள் யெஸ்டாவை இழந்தார். அத்துயரத்தையும் தாங்கி எழுந்தவர், 1968ஆம் ஆண்டில் செய்த செயல் அவருடைய இயல்புக்கு முத்திரை. அவரைப் பற்றிப் பிறர் உருவாக்கிய ஆவணப்படம் அவருக்கு நிறைவளிக்கவில்லை. அதனை ஒதுக்கிவிட்டு, தம்மைப் பற்றிய படத்தைத் தாமே இயக்கினார். அப்போது வயது 86. 1970ஆம் ஆண்டில், தம் 88ஆம் வயதில், கலைப்பொருள் வணிகரான கிறிஸ்டியன் தீடே என்பவரை மணந்தார். ஊர் வியந்தது, அவர் பொருட்படுத்தவில்லை. 1972ஆம் ஆண்டு மே 25ஆம் நாள், 90ஆம் வயதில் இயற்கை எய்தினார்.

மேடைக்குத் தடையெனக் கருதப்பட்ட அவருடைய குரல்கூட முற்றிலும் மறைந்துவிடவில்லை. முதுமையில் அவர் தொலைபேசியில் நிகழ்த்திய உரையாடல்களைப் பழைய நூல் வணிகர் ஒருவர் ஒலிநாடாவில் பதிவுசெய்து வைத்திருந்தார். அவற்றைக் கொண்டு டென்மார்க்கு இயக்குநர் டோர்பென் ஷோட் யென்சன் 2003ஆம் ஆண்டில் ஓர் ஆவணப்படம் உருவாக்கினார். ‘பேசும் கலைத்தெய்வம்’ என்பது அதன் தலைப்பு.

நிறை குறை

நீல்சனின் படங்கள் அனைத்தும் கலைச்சிகரங்கள் எனல் மிகையாகும். கதைகள் பல, வஞ்சிக்கப்பட்ட பெண், வீழ்ச்சி, மரணம் என்னும் தேய்ந்த தடத்திலேயே செல்பவை. இன்று காண்போர்க்குச் சில திருப்பங்கள் நகைப்பையும் தரலாம். படங்களுள் பல அழிந்தும் போயின. ஆயினும் பழகிப்போன கதைக்குள் பழகாத ஒரு பெண்ணை அவர் கொண்டுவந்து நிறுத்தினார். அப்பெண் வீழ்ந்தாலும் அறியாமையால் வீழவில்லை. அறிந்தே தேர்ந்தாள், தேர்ந்ததன் விலையைத் தானே கொடுத்தாள். கதையாசிரியர் அவளைப் பாவி என்று எழுதிய இடங்களிலும், நடிகை அவளை மனுஷி என்று திருத்தினார். அத்திருத்தம் எழுத்தில் இல்லை. இமையிலும் உதட்டிலும் உள்ளது. எனவே அதனை எந்தத் தணிக்கையாளராலும் முழுமையாக வெட்ட இயலவில்லை.

ஒரு கலைஞரின் ஊடகம் காலத்தால் வழக்கொழிந்துவிட்டால், அவர் கலையும் வழக்கொழிந்துவிடுமா? பேசாப்படம் மறைந்து தொண்ணூறு ஆண்டுகள் கடந்துவிட்டன. இன்றைய திரையில் ஒலிக்குப் பஞ்சமில்லை. ஆனால் இன்றும், நல்ல நடிகர் ஒருவர் உரையாடலின் நடுவே நிறுத்தி, சொல்ல வந்ததை விழுங்கி, வேறொன்றைக் கூறும் கணத்தில் காண்போர் மூச்சடக்கிப் பார்க்கின்றனர். அந்த நிறுத்தத்தில் நிகழ்வது பேசாப்படத்தின் இலக்கணமே. அதனை எழுதியோருள் ஆஸ்டா நீல்சன் முன்வரிசையில் இருப்பவர்.

இலக்கியத்தைச் சொல்லால் மட்டுமே அளந்து பழகிய உள்ளங்களுக்கு இவ்வம்மையாரின் வரலாறு ஒரு பாடத்தை நினைவூட்டுகிறது. சொல்லாமல் விட்டதும் படைப்பின் பகுதியே. மகளின் தந்தை பெயரைச் சொல்லாமல் விட்டார். இறுதிக் காட்சியில் அழாமல் விட்டார். கொடுங்கோலரின் அழைப்பை ஏற்காமல் விட்டார். விட்டவை ஒவ்வொன்றும் அவரே தேர்ந்து விட்டவை. அவர் பெற்ற புகழினும் இவற்றுக்கு எடை மிகுதி.